திருகோணமலையிலிருந்து கலை இயக்குநராக: மேடையா, ரீவியா, சினிமாவா?

ஏ.எல். எழுதிவிட்டு ரிசல்ட் வரும்வரை இருக்கிற பிள்ளைகள் என்னிடம் கேட்கிற கேள்வி அநேகமாக ஒன்றுதான். சித்திரம் நன்றாக வரும், நாடகமும் அரங்கியலும் எடுத்திருக்கிறேன், படத்தில் செட் போடுகிற வேலைக்குப் போக ஆசை, சென்னைக்குப் போகட்டுமா, கொழும்புக்குப் போகட்டுமா, இல்லை இங்கேயே இருந்து ஏதாவது செய்யட்டுமா என்று கேட்பார்கள். ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகச் சொல்லிக்கொண்டிருந்ததை இங்கே எழுதி வைக்கிறேன். என் முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கையில் பெரிய காசு இல்லாத இருபது வயதுத் திருமலைப் பிள்ளைக்கு முதலில் மேடை, அப்புறம் கொழும்பில் விளம்பரமும் ரீவியும், சென்னை சினிமா அதற்கும் பிறகு. ஒத்துக்கொள்ளாதவர்கள் இருப்பார்கள், ஆனாலும் காரணங்களைக் கேட்டுவிட்டு முடிவெடுங்கள்.

முதலில் வேலை என்னவென்று விளங்க வேண்டும். புரொடக்ஷன் டிசைனர் என்பவர் கதையை வாசித்துவிட்டு, இந்த மனுசன் எந்த மாதிரி வீட்டில் இருப்பான், குசினியில் விறகடுப்பா காஸ் அடுப்பா, மேசை விரிப்பு யார் வாங்கித் தந்தது, சுவர் வெள்ளையடித்து எத்தனை வருடம் என்று எல்லாவற்றையும் தீர்மானிக்கிறவர். இயக்குநர், ஒளிப்பதிவாளர், இவர் என்று மூன்று பேர் உட்கார்ந்துதான் படத்தின் தோற்றம் முடிவாகிறது. ஹொலிவூட்டில் இவருக்குக் கீழே கலை இயக்குநர், வரைபடக்காரர், பொருட்கள் தேடிக் கொண்டுவருகிறவர், செட்டை நிரப்புகிறவர், ஓடாவிமார், பெயின்ற் அடிக்கிறவர்கள் என்று ஒரு பட்டாளமே இருக்கும். நம் பக்கத்தில் கலை இயக்குநர் என்ற ஒரே ஆள்தான் பெரும்பாலும் மேலே சொன்ன முதல் இரண்டு வேலையையும் பார்க்கிறார். கொழும்பில் சின்ன வேலைகளில் பொருட்களை ஓட்டோவில் ஏற்றிக்கொண்டு வருவதும் அவரே.

ஒரே ஒரு சுவரை எடுத்துக்கொள்வோம், மூன்று துறைக்கும் உள்ள வித்தியாசம் அதிலேயே தெரிந்துவிடும். டச்பே பக்கம் கடல்காற்று நேரே அடிக்கிற ஒரு பழைய வீடு என்று கதையில் இருக்கிறது. மரச்சட்டத்தில் பிளைவுட் அடித்து, மேலே பூச்சுப் பூசி, மஞ்சள் பெயின்ற் அடித்தால் கிடைப்பது நேற்றுக் கட்டிய மஞ்சள் சுவர். அதை இருபது வருடச் சுவராக்குவதுதான் வேலை. கீழே ஒன்றரை அடிக்கு நிலத்து ஈரம் ஏறி, உப்புப் பூத்து, பூச்சு பொருக்காக உதிர்ந்திருக்க வேண்டும். யன்னல் கொளுக்கியிலிருந்து துருத்தண்ணீர் வழிந்த கோடு வேண்டும், அது நேராக இறங்காது, பூச்சின் மேடு பள்ளத்தில் கொஞ்சம் வளைந்துதான் போகும். கதிரை முதுகு உரசிய இடம் ஒரே உயரத்தில் மினுங்க வேண்டும். சுவிட்சைச் சுற்றி விரல் அழுக்கு வேண்டும், அதுவும் கை நீட்டுகிற பக்கத்தில் கூடுதலாக. சாமிப்படம் கழற்றிய இடத்தில் பழைய மஞ்சள் சதுரமாக மிஞ்சியிருக்க வேண்டும். தேயிலைச் சாயம், தண்ணீர் விட்டுக் கரைத்த பிறவுண் பெயின்ற், கிழிந்த ஸ்பொஞ்ச், சாண்ட்பேப்பர், இவ்வளவும் போதும். ஆனால் இதற்கு முன் உண்மையான ஒரு பழைய சுவரின் முன்னால் நின்று, ஈரம் ஏன் அங்கே ஏறியது என்று யோசித்தவராக இருக்க வேண்டும். நம் ஊரில் அதற்குக் குறைவே இல்லை. உள்துறைமுக வீதிப் பழைய கட்டடங்கள், பிரெட்ரிக் கோட்டை மதில், சீனக்குடாவில் காட்டுக்குள் நிற்கிற பழைய எண்ணெய்த் தாங்கிகள், ஒவ்வொன்றும் வெவ்வேறு மாதிரித்தான் பழசாகியிருக்கிறது. கையில் ஒரு கொப்பியோடு போய்ப் பாருங்கள்.

சரி, மேடை. இதைப் பற்றிக் கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன், ஏனென்றால் நம் பிள்ளைகள் அதைத்தான் மிகவும் குறைவாக மதிக்கிறார்கள்.

அந்தச் சுவரை மேடைக்குக் கொண்டுபோனால் விரல் அழுக்கு மூன்றாம் வரிசைக்கே தெரியாது. ஈரக் கோட்டை இரண்டு மூன்று மடங்கு பெரிதாகத் தீட்ட வேண்டும், அல்லது சுவரையே விட்டுவிட்டு ஒரு யன்னல் சட்டத்தை மட்டும் தொங்கவிட்டு மிச்சத்தை வெளிச்சத்திடமும் நடிகரிடமும் கொடுத்துவிடலாம். எதை வைப்பது என்பதை விட எதை விடுவது என்பதுதான் இந்தத் தொழிலில் கஷ்டமான தீர்மானம், மேடை அதை முதல் நாளிலேயே உங்களிடம் கேட்கும். காசு இருக்காது, காட்சி மாற்ற நேரம் இருக்காது, விளக்கணைத்த சில நொடிக்குள் இருட்டில் இரண்டு பிள்ளைகள் சத்தம் போடாமல் தூக்கிப் போகக்கூடியதாகத்தான் எதையும் செய்ய வேண்டியிருக்கும். கதவு ஒன்று வைத்தால் நடிகர் அதைக் கோபத்தில் அடித்துச் சாத்தும்போது முழுச் சுவரும் ஆடக்கூடாது, அதற்குப் பின்னால் சாய்வுக் கட்டை கொடுத்து மண்மூட்டை வைக்க வேண்டும். இது எந்தப் புத்தகத்தில் வாசித்தாலும் ஒத்திகையில் சுவர் ஒருமுறை ஆடும்போதுதான் மனதில் பதியும்.

கிழக்கில் பிறந்தவர்களுக்கு இதில் ஒரு பெரிய கைமுதல் இருக்கிறது, அது கூத்து. வட்டக்களரியில், அதாவது வட்டமான ஆட்டக்களத்தில், சுற்றிவர ஆட்கள் இருப்பார்கள், பின்திரை கிடையாது, ஒளித்து வைக்க ஒரு மூலை கிடையாது. வடமோடி என்ற கூத்து வகையில் அரசன் வரவு என்றால் கரப்புடுப்பு எனப்படும் அகன்ற உடுப்பின் விரிவும் கிரீடத்தின் உயரமும் உடுப்பில் பதித்த கண்ணாடித் துண்டுகளில் வெளிச்சம் தெறிப்பதும்தான் அரண்மனை. அந்த உடுப்போடு ஆள் சுற்றி ஆடும்போது களரியில் எவ்வளவு இடத்தைப் பிடிக்கிறான் என்று பாருங்கள், இடத்தை உடம்பால் கட்டுவது எப்படியென்று அங்கேதான் விளங்கும். 1960களில் பேராசிரியர் சு. வித்தியானந்தன் பேராதனையில் கூத்தை வட்டக்களரியிலிருந்து படச்சட்ட மேடைக்குக் கொண்டுவந்தார். நான்கு பக்கமும் பார்த்த ஆட்டத்தை ஒரு பக்கத்துக்குத் திருப்பினால் யார் எங்கே நிற்பது, எந்த நேரத்தில் எவ்வளவு பேர் மேடையில் இருப்பது, எல்லாமே மாறும். அரங்க வடிவமைப்புப் படிக்க விரும்புகிறவர் முதலில் இதைத்தான் படிக்க வேண்டும் என்பேன்.

இன்னொரு காரணம், வயது. சினிமாவில் இருபத்தொரு வயதில் உங்களிடம் ஒரு காட்சியின் நிறத்தைக்கூடக் கேட்க மாட்டார்கள். மேடையில் நிலம், பின்புலம், உடுப்பு, கைப்பொருள், வெளிச்சம் அத்தனையும் உங்கள் தீர்மானமாக இருக்க முடியும். தமிழ்மொழித் தினப் போட்டிக்கு ஒவ்வொரு வருடமும் பாடசாலைகள் நாடகமும் நாட்டுக்கூத்தும் தயாரிக்கின்றன, திருகோணமலை நகரில் மட்டும் இல்லை, மூதூரிலும் கிண்ணியாவிலும் தம்பலகாமத்திலும்தான். பொறுப்பான ஆசிரியரிடம் போய், சேர், நான் வடிவமைப்புச் செய்து தாறேன் என்று கேட்டால் மறுக்கிறவர் குறைவு. போகும்போது வெறுங்கையோடு போகாமல் 1:25 அளவில் மட்டையில் ஒரு மாதிரி செய்துகொண்டு போங்கள். 24 அடி அகல மேடை 29 சென்ரிமீற்றராகச் சுருங்கும், ஐந்தரை அடி நடிகர் ஏழு சென்ரிமீற்றருக்குக் கொஞ்சம் குறைவாக நிற்பார். கைபேசிக் கமராவை மாதிரியின் ஓரத்துக் கதிரை இருக்கிற இடத்தில் பிடித்துப் பார்த்தால் அந்த மூலையில் இருக்கிறவருக்கு எது மறைகிறது என்று உடனே தெரியும். ஆசிரியர் அதைப் பார்த்த பிறகு உங்களைச் சோடனைக்கு வந்த பிள்ளையாக நினைக்க மாட்டார்.

மேடையில் காசு இல்லை. இதை ஒளிக்கக் கூடாது. நாடகத்தை மட்டும் நம்பி இந்த ஊரில் வீடு நடத்த முடியாது, அதனால் இது இரண்டு மூன்று வருடம் கையும் கண்ணும் பழகுகிற இடம் என்று வைத்துக்கொள்ளுங்கள். அந்தக் காலத்தில் சாப்பாட்டுக்கு வழி மணவறைச் சோடனையும் மண்டபச் சோடனையும்தான். சிலர் அதைக் கீழாகப் பார்க்கிறார்கள், எனக்கு அந்த எண்ணம் பிடிக்காது. றிஜிபோம் வெட்டவும், ஒரே இரவில் மண்டபம் முடிக்கவும், விலை பேசவும், வேலை செய்த ஆக்களுக்கு அன்றைக்கே சம்பளம் கொடுக்கவும் அங்கேதான் பழகலாம், இந்த நாலும் கலைப்பிரிவுக்கு அப்படியே தேவை. கோயில் திருவிழாவில் சப்பறம் கட்டுகிறவர்களோடு ஒரு இரவு நின்றால் பாரமில்லாமல் உயரமாகக் கட்டுவது எப்படி என்று தெரியும். நிலாவெளி, உப்புவெளி ஹோட்டல்களில் சீசனுக்கு முன் உள் அலங்கார வேலைகளும் வரும். ஐப்பசி மாரி தொடங்கினால் வெளிவேலை ஒன்றும் நடக்காது, அந்த மாதங்களை வரைவதற்கும் கொம்பியூட்டர் பழகுவதற்கும் வைத்துக்கொள்ளலாம். முப்பரிமாண மாதிரி செய்கிற மென்பொருட்களில் பிளென்டர் முழுக்க இலவசம், ஸ்கெச்சப்பிலும் இணையத்தில் இலவசமாகப் பாவிக்கிற வடிவம் இருக்கிறது.

ரீவிக்கு வருவோம். அதே சுவர், ஆனால் நாளைக் காலையில் படப்பிடிப்பு. பெரும்பாலான ரெலி நாடகங்கள் வாடகை வீடுகளில்தான் எடுக்கப்படுகின்றன, எனவே அங்கே உங்கள் திறமை சுவரைக் கட்டுவதில் இல்லை, அப்படி ஒரு சுவர் ஏற்கனவே இருக்கிற வீட்டைத் தேடிப் பிடிப்பதில் இருக்கிறது. அப்புறம் அந்த வீட்டுக்காரரின் கலண்டரையும் பிள்ளைகளின் போட்டோவையும் கழற்றி வைத்துவிட்டு உங்கள் கதாபாத்திரத்தின் பொருட்களை வைப்பது, முடிந்ததும் ஒரு கீறல் இல்லாமல் பழையபடி வைத்துக் கொடுப்பது. ஸ்ரூடியோ நிகழ்ச்சி என்றால் வேறு கணக்கு. மூன்று நான்கு கமரா ஒரே நேரத்தில் ஓடும், செட் மாதக்கணக்கில் அப்படியே நிற்கும், நெருக்கமான கோடு போட்ட துணியோ சுவரோ கமராவில் அலை அலையாக நெளியும், பச்சைத்திரை முன்னால் பச்சைப் பொருள் வைத்தால் மறைந்துபோகும். இவை பழக்கத்தில் வந்துவிடும். நேத்ரா, சக்தி, வசந்தம் என்று தமிழ் அலைவரிசைகள் இருந்தாலும் தமிழில் நாடகத் தயாரிப்பு குறைவு, எனவே தமிழில் மட்டும் வேலை செய்து கொழும்பில் நிற்கலாம் என்று நம்பிப் போகாதீர்கள்.

கொழும்பில் உண்மையான காசு விளம்பரப் படங்களில். ஒரு நாள் இரண்டு நாள் படப்பிடிப்புத்தான், ஆனால் அதற்கு ஒரு குசினியையே புதிதாகக் கட்டுவார்கள், நாள் கூலியும் ஒழுங்காகப் பேசலாம். உதவியாளாகச் சேர்ந்தவர் வேகமாக மேலே வருவதும் இங்கேதான், காரணம் வேலைகள் குறுகியவை, ஒன்று முடிய இன்னொன்று வரும், வேலை தெரிந்தவரின் பெயர் சீக்கிரம் பரவும். வெளிநாட்டுப் படக்குழுக்களும் இலங்கைக்கு வருவது புதிதில்லை. 1957இல் வெளிவந்த ஆங்கிலப் போர்ப் படத்துக்காக கித்துல்கலையில் களனி கங்கைக்கு மேல் மரப்பாலம் ஒன்றை உண்மையாகவே கட்டி உண்மையாகவே வெடிக்க வைத்தார்கள். இன்றைக்கும் அப்படி வருகிற குழு இங்கே ஓடாவி, பெயின்ற் பாஸ், பொருள் தேடுகிறவர் என்று உள்ளூர் ஆக்களை எடுக்கும். அதில் சேர்ந்தால் ஒழுங்கான வரைபடம், கணக்குப் புத்தகம், பாதுகாப்பு விதி என்று ஒரு முறையான கலைப்பிரிவு எப்படி ஓடுகிறது என்று பார்க்கலாம். ஆனால் இதெல்லாம் சிங்களத்திலும் ஆங்கிலத்திலும் நடக்கிறது. ஓடாவியிடம் போய் இந்தப் பலகையை இரண்டு அங்குலம் பின்னால் தள்ளுங்கள் என்று சிங்களத்தில் சொல்லத் தெரியாத உதவியாளை யாரும் இரண்டாம் முறை கூப்பிட மாட்டார்கள். இரவு ரயில் ஏற முன் பேச்சுச் சிங்களம் பழகுங்கள், இதை நான் எவ்வளவு சொன்னாலும் பிள்ளைகள் கடைசியில்தான் செய்கிறார்கள்.

சென்னை. இந்தப் பெயரைச் சொன்னவுடன் கண் விரிகிறது, எனக்கும் விளங்குகிறது. 1987இல் வந்த நாயகனுக்காகத் தோட்டா தரணி பம்பாய்த் தாராவியைச் சென்னையில் ஒரு ஸ்ரூடியோவுக்குள் கட்டினார், தேசிய விருதும் கிடைத்தது. இன்னொரு பெரிய கலை இயக்குநரான சாபு சிரில் சென்னை நுண்கலைக் கல்லூரியில் படித்து வந்தவர். அந்தக் கல்லூரி 1850இல் தொடங்கியது. அந்த நகரத்தில் அச்சு எடுக்கிறவர், பிளாஸ்டர் வார்ப்பவர், பைபரில் தூண் செய்கிறவர் என்று தலைமுறையாக வந்த கைவேலைக்காரர்கள் இருக்கிறார்கள், அவர்கள் பக்கத்தில் நின்றாலே கற்றுக்கொள்ளலாம். மொழித் தடையும் இல்லை. நம் சுவர் அங்கே அதன் முழு மரியாதையைப் பெறும், கமரா ஒரு அடி கிட்டப் போய் சுவிட்சையும் விரல் அழுக்கையும் பெரிய திரையில் காட்டும், செட்டுக்கு மேலே உள்ள மிச்சக் கட்டடத்தைக் கொம்பியூட்டர்காரர்கள் சேர்த்துக்கொள்வார்கள்.

பிரச்சினை என்னவென்றால், அந்த விரல் அழுக்கைப் பூசுகிறவர்தான் நீங்கள், அதுவும் பல வருடத்துக்கு. உதவியாளாகச் சேர்ந்தால் பேட்டா என்கிற நாள் படியோடு ஓட வேண்டும், தங்குமிடத்துக்கு வீட்டிலிருந்து காசு வர வேண்டும். திரைப்படத் தொழிலாளர் சங்கங்களின் கூட்டமைப்பான ஃபெஃப்சியின் கீழே கலை இயக்குநர்களுக்கென்று சங்கம் இருக்கிறது, அதில் உறுப்பினராகாமல் பெரிய படங்களில் பெயர் போட்டு வேலை செய்வது கஷ்டம். அதை விடப் பெரியது விசா. நமக்கு அது வேறு நாடு என்பதைப் பிள்ளைகள் மறந்துவிடுகிறார்கள். சுற்றுலா விசாவிலோ மாணவர் விசாவிலோ சம்பளத்துக்கு வேலை செய்ய முடியாது. வேலை விசாவுக்கு ஒரு சில விதிவிலக்குகள் தவிர ஆண்டுக்கு 16.25 லட்சம் இந்திய ரூபாய் சம்பளம் இருக்க வேண்டும் என்ற விதி இருக்கிறது, எந்த உதவிக் கலை இயக்குநருக்கு அந்தச் சம்பளம் கிடைக்கும்? தெரிந்த அண்ணா ஒருவர் சேர்த்துவிடுவார் என்று சுற்றுலா விசாவில் போய் நிற்பது, பிடிபட்டால் திரும்பப் போகவே முடியாத நிலையில் கொண்டுபோய் விடும். பலாலியிலிருந்து சென்னைக்கு விமானம் இருக்கிறது என்பதால் தூரம் குறைந்திருக்கிறது, விதி மாறவில்லை.

எனவே சென்னைக்குப் போவதென்றால் படிப்பின் வழியாகப் போங்கள். இந்திய அரசு இலங்கை மாணவர்களுக்குக் கொடுக்கிற புலமைப்பரிசில்கள் இருக்கின்றன, கொழும்பிலுள்ள இந்திய உயர்ஸ்தானிகராலயம் விண்ணப்பம் கோரும்போது கவனித்துப் போட வேண்டும். சென்னை மட்டும்தான் என்றும் இல்லை. புனேயிலுள்ள திரைப்பட நிறுவனத்தில் கலை இயக்கமும் புரொடக்ஷன் டிசைனும் தனிப் பட்டப்பின் படிப்பாகவே இருக்கிறது, அதற்கு ஓவியம், சிற்பம், கட்டடக்கலை, உள் அலங்காரம் போன்ற ஒன்றில் பட்டம் முடித்திருக்க வேண்டும். அதாவது ஏ.எல். முடித்தவுடன் அங்கே கதவு திறக்காது, இங்கே ஒரு பட்டம் செய்தவருக்குத்தான் திறக்கும். அந்தப் பட்டத்தை இலவசமாகச் செய்ய நம் நாட்டில் இடம் இருக்கும்போது, பத்தொன்பது வயதில் அம்மாவின் நகையை அடகு வைத்துக்கொண்டு ஓட வேண்டிய அவசரம் என்ன?

இங்கே பட்டம் என்றால், என் முதல் தெரிவு மட்டக்களப்பு கல்லடியிலுள்ள சுவாமி விபுலானந்த அழகியற் கற்கைகள் நிறுவகம். நாடகமும் அரங்கியலும் ஒரு துறை, கட்புல தொழினுட்பக் கலை இன்னொரு துறை, இரண்டும் ஒரே வளவில். டிசைனராக வர விரும்புகிறவர் கட்புலக் கலையைப் பாடமாக எடுத்துக்கொண்டு பின்னேரங்களில் நாடகத்துறைக்காரரோடு வேலை செய்வது நல்லது, ஏனென்றால் கோடும் நிறமும் ஒழுங்காகப் படிக்காதவருக்குப் பிறகு அதைப் படிக்க நேரம் கிடைப்பதில்லை. யாழ்ப்பாணப் பல்கலைக்கழகமும் நல்ல தெரிவுதான், யாழ்ப்பாணத்தில் குறும்படம் எடுக்கிற இளைஞர் கூட்டம் பெரிது, 2015இலிருந்து சர்வதேசத் திரைப்பட விழாவும் நடக்கிறது, சினிமாப் பக்கம் மனம் போகிறவர் அங்கே போகலாம். கணிதமும் ஆங்கிலமும் பலமாக இருந்தால் மொறட்டுவையில் கட்டடக்கலை அல்லது வடிவமைப்பு. வரைபட ஒழுக்கத்தில் அதற்கு நிகரில்லை, பிறகு சினிமாவுக்கு வராவிட்டாலும் தொழில் கையில் இருக்கும். வீட்டில் சம்மதம் வாங்க வேண்டியவர்களுக்கு ஒன்று சொல்கிறேன், அழகியல் பட்டத்தோடு ஆசிரியர் நியமனத்துக்கும் விண்ணப்பிக்கலாம். அப்பா அம்மாவிடம் அதையும் சொல்லுங்கள், அவர்களின் பயம் நியாயமானது.

பெண் பிள்ளைகள் கேட்பதற்குத் தனியாகப் பதில் சொல்ல வேண்டும். உங்களை உடுப்புப் பக்கமும் பூச்சோடனைப் பக்கமும் தள்ளிவிடப் பார்ப்பார்கள். உடுப்பு வடிவமைப்பு பெரிய கலை, விரும்பினால் போங்கள், ஆனால் தள்ளிவிட்டார்கள் என்பதற்காகப் போகாதீர்கள். துளை போடும் மெசின் பிடிக்கவும், பலகை அறுக்கவும், லொறிக்காரரிடம் கூலி பேசவும் மேடையில் இருக்கும்போதே பழகிவிடுங்கள். படப்பிடிப்பு இரவிரவாக நடக்கும், தங்குமிடமும் போக்குவரத்தும் என்னவென்று வேலையை ஏற்க முன் கேட்பது உங்கள் உரிமை, அதைக் கேட்டதற்காக முகம் சுளிக்கிற குழுவோடு போக வேண்டாம்.

யாருக்கு நான் வேறு பதில் சொல்வேன்? வீட்டில் உடனே சம்பளம் தேவைப்படுகிறவருக்கு மேடையைக் காத்திருக்கச் சொல்ல மாட்டேன், அவர் சிங்களம் பழகிக்கொண்டு நேரே கொழும்பு விளம்பர வேலைக்குப் போகட்டும், நாடகம் லீவில் வரும்போது செய்யட்டும். வெளிநாட்டில் இருக்கிற சொந்தம் படிப்புச் செலவைப் பார்க்கும் என்றால் சென்னை நுண்கலைக் கல்லூரி மாதிரி இடத்தில் முறையாக மாணவர் விசாவில் சேரலாம். ஓடாவி வேலையோ மேசன் வேலையோ ஏற்கனவே தெரிந்தவர், அப்பாவின் தொழில் அது என்றால், உங்களுக்கு இந்தத் துறையில் மற்ற எல்லோரையும் விட முன்னிடம் இருக்கிறது. உங்களுக்குத் தேவை வரைபடமும் கலை வரலாறும் மட்டும்தான்.

மற்ற எல்லோருக்கும் மேடை, கல்லடி, கொழும்பு என்ற வரிசைதான். அந்தக் காலம் முழுக்கச் செய்த ஒவ்வொரு வேலையிலும் முதல் கிறுக்கல், அளவு போட்ட வரைபடம், மட்டை மாதிரி, வேலை நடக்கும்போது எடுத்த படம், முடிந்த காட்சி, செலவுக் கணக்கு என்று சேர்த்து வையுங்கள். முடிந்த காட்சியின் வடிவான படத்தை மட்டும் கொண்டுபோகிற பிள்ளையை விட, இந்த யன்னலை ஏன் இடது பக்கம் மாற்றினேன் என்று கிறுக்கலைக் காட்டிச் சொல்லக்கூடிய பிள்ளையைத்தான் கலை இயக்குநர்கள் எடுப்பார்கள், நானும் அப்படித்தான் எடுக்கிறேன்.

கடைசியாக, இந்த வருடம் ஏ.எல். எழுதியவர்களுக்கு அவசரமான ஒன்று. அழகியல் பட்டங்களுக்கும் மொறட்டுவை வடிவமைப்புக்கும் இசட் புள்ளி மட்டும் போதாது, உளச்சார்பு அல்லது செயன்முறைப் பரீட்சைக்குத் தனியாக விண்ணப்பிக்க வேண்டும். பல்கலைக்கழகங்கள் அதற்குத் தனி அறிவித்தல் போடும், முடிவுத் திகதி வேறு, கட்டணம் வேறு. பல்கலைக்கழக மானியங்கள் ஆணைக்குழுவின் கைநூலை வாங்கி, உங்கள் பாடநெறிக்குப் பரீட்சை இருக்கிறதா என்று இந்தக் கிழமையே பாருங்கள், பேசுகிற மற்ற எல்லாவற்றையும் அதற்குப் பிறகு பேசுவோம்.